ஒரே தட்டில் வையுங்கள்

இலங்கை மலைநாட்டில் ஹட்டனுக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டப் பாடசாலையில் படிப்பிக்கும் இளம் ஆசிரியை ஒருவர் கேட்டிருக்கிறார். பழைய மாணவர்கள் கொஞ்சம் பணம் சேர்த்துக் கொடுத்திருக்கிறார்களாம். அதில் பாடசாலை நூலகத்துக்கு வரலாறு, வாழ்க்கை வரலாறு, கலை என்று மூன்று தட்டுக்குப் புத்தகம் வாங்க வேண்டும். "கடையில் கேட்டால் சோழர் வரலாறு, அப்துல் கலாம், ரவிவர்மா படங்கள் என்று எடுத்து வைக்கிறார்கள். நல்ல புத்தகங்கள்தான். ஆனால் லயத்து வரிசை வீட்டிலிருந்து வருகிற பிள்ளை தன்னைத் தேடினால் எந்தத் தட்டில் கிடைக்கும்? எங்களைப் பற்றிப் புத்தகம் இருக்கிறதா? இருந்தால் எதிலிருந்து தொடங்குவது?"

இருக்கிறது டீச்சர். நீங்கள் நினைப்பதைவிட நிறைய இருக்கிறது. முப்பது வருஷம் நானும் தோட்டப் பாடசாலைகளில் படிப்பித்தவன். சம்பளத்தில் மிச்சம் பிடித்து வாங்கியும், கண்டியில் பழைய புத்தகக் கடைகளில் தேடி எடுத்தும், தெரிந்தவர்களிடம் இரவல் வாங்கியும் இந்த மூன்று வகையிலும் வாசித்திருக்கிறேன். அந்தப் பழக்கத்தில் சொல்கிறேன்: மூன்று தட்டு வேண்டாம். எல்லாவற்றையும் ஒரே தட்டில் வையுங்கள்.

ஏன் என்று கேட்பீர்கள். எங்கள் மலைகளைப் பற்றி முதலில் எழுதி வைத்தவர்கள் துரைமார், தோட்டத்தை நடத்திய வெள்ளைக்காரர்கள். எந்த மலையில் எத்தனை ஏக்கர், எந்த வருஷம் எவ்வளவு மழை, எந்தத் துரை எப்போது வந்தார், எல்லாம் பேர் போட்டுப் பதிந்திருக்கிறார்கள். தென்னிந்தியாவிலிருந்து வந்து காட்டை வெட்டியவனுக்குத்தான் பேர் இல்லை. அவன் வெறும் ஆள் கணக்கு. அதனால் எங்கள் கதை எந்த ஒரு புத்தகத்திலும் முழுதாகக் கிடைக்காது. சட்டம் என்ன சொன்னது என்பது வரலாற்று நூலில் இருக்கும். அது ஒரு வீட்டுக்குள் புகுந்து என்ன செய்தது என்பது வாழ்க்கை வரலாற்றில் இருக்கும். அதற்கு அழுத அழுகை பாட்டிலும் கூத்திலும் இருக்கும். மூன்றையும் பிரித்து வைத்தால் பிள்ளை பாதிக் கதையோடு வீட்டுக்குப் போய்விடும்.

தொடக்கத்துக்கு நான் கையில் கொடுப்பது ஒரு வாழ்க்கை வரலாறு. சாரல்நாடன் எழுதிய 'தேசபக்தன் கோ. நடேசய்யர்', 1988இல் வந்தது. சாரல்நாடன் தேயிலைத் தொழிற்சாலையில் வேலை பார்த்துக்கொண்டே பழைய பத்திரிகைகளைத் தேடித் தேடி எழுதியவர். அந்த உழைப்பு பக்கத்துக்குப் பக்கம் தெரியும்.

நடேசய்யர் தஞ்சாவூர்க்காரர். 1920 அளவில் இலங்கைக்கு வந்தார். வெளியாள் தோட்டத்துக்குள் கால் வைக்க முடியாத காலம் அது. துரையின் அனுமதியில்லாமல் லயத்துப் பக்கம் போனால் அத்துமீறல் வழக்கு. அவர் என்ன செய்தார் என்றால், புடவை மூட்டையைத் தூக்கிக்கொண்டு புடவை வியாபாரியாக உள்ளே போனார். புடவை விரித்த இடத்தில் பெண்கள் கூடுவார்கள், பேச்சு வரும். அந்தப் பேச்சிலிருந்து சம்பளம் எவ்வளவு, கடன் எவ்வளவு, அடி உதை எப்படி என்று தெரிந்துகொண்டு வெளியே வந்து எழுதினார். 1924இல் 'தேசபக்தன்' பத்திரிகை, 1931இல் ஹட்டனைத் தளமாகக் கொண்டு தொழிற்சங்கம், 1936இல் ஹட்டன் தொகுதிக்காக அன்றைய சட்டசபையான அரசாங்க சபை என்று பிறகு எவ்வளவோ செய்தார். ஆனாலும் பிள்ளைகளின் மனதில் நிற்பது அந்தப் புடவை மூட்டைதான். நான் வகுப்பில் சொன்ன ஒவ்வொரு தடவையும் யாராவது ஒரு பிள்ளை கேட்கும்: "சேர், அவர் ஏன் நேராகப் போகவில்லை?"

அந்தக் கேள்வி வந்ததும் வரலாற்றுக்குள் போய்விடலாம். துண்டு என்றால் என்ன என்று சொல்லலாம். பெரிய கங்காணி முன்பணம் கொடுத்து ஊரிலிருந்து ஆள் கட்டிக்கொண்டு வருவார். வழிச்செலவு, சோறு, கம்பளி எல்லாம் அந்த ஆளின் கடன் கணக்கில் ஏறும். வேறு தோட்டத்துக்குப் போக வேண்டுமானால் துரையின் கையெழுத்தோடு ஒரு சீட்டு வேண்டும். அதற்குத்தான் துண்டு என்று பேர். துண்டு இல்லாத ஆளை அடுத்த தோட்டம் பேர் பதியாது. அடுத்த துரை அந்தக் கடனைக் கட்டிவிட்டு ஆளை எடுத்துக்கொள்ளலாம். அப்போது கடன் தீராது, ஆளோடு சேர்ந்து அடுத்த மலைக்கு ஏறும். 1921இல்தான் சட்டம் போட்டு இதை நிறுத்தினார்கள். பாடப்புத்தகத்தில் இது இரண்டு வரியாக வந்தால் பிள்ளைக்கு ஒன்றும் படாது. புடவை மூட்டைக்குப் பிறகு சொன்னால் படும்.

ஒன்றைக் கவனியுங்கள். சாரல்நாடனின் நடை சில இடங்களில் தகவல்மேல் தகவலாக அடுக்கிக்கொண்டு போகும். ஒன்பதாம் வகுப்புப் பிள்ளையிடம் நேரே கொடுத்தால் பத்துப் பக்கத்தில் மூடிவிடும். நீங்கள் முதலில் வாசித்து, கதையாகச் சொல்லி, ஆசை வந்த பிள்ளைக்கு மட்டும் கொடுங்கள்.

நடேசய்யரோடு கூடவே மீனாட்சி அம்மையார் வருகிறார். அவருடைய மனைவி. பத்திரிகையிலும் துணை நின்றார், கூட்டத்திலும் பாடினார். தொழிலாளர் எழுத்து வாசிக்கத் தெரியாதவர்கள், பேச்சு நீண்டால் களைத்துவிடுவார்கள். ஆனால் பாட்டு என்றால் நிற்பார்கள். இங்கே இந்தியர்களின் வாழ்க்கை எந்த நிலையில் இருக்கிறது என்பதைப் பாட்டாகவே எழுதி 1940இல் சிறு நூலாக வெளியிட்டார். தெரிந்த சினிமா மெட்டுகளில் அரசியல். அந்த நூலை நீங்கள் வரலாற்றுத் தட்டில் வைப்பீர்களா, கலைத் தட்டில் வைப்பீர்களா? அவரைப் பற்றித் தனியாக ஒரு பெரிய வாழ்க்கை வரலாறு வந்திருக்க வேண்டும் என்பது என் பல வருஷ ஆதங்கம்.

அடுத்து சி. வி. வேலுப்பிள்ளை. 1914இல் வட்டகொடைப் பக்கம் மடகொம்பரைத் தோட்டத்தில் பிறந்தவர். 1947 தேர்தலில் மலையகத்திலிருந்து இலங்கை இந்தியக் காங்கிரஸ் சார்பில் ஏழு பேர் பாராளுமன்றம் போனார்கள். தலவாக்கலைக்குச் சி.வி. போனார். மறு வருஷமே 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் வந்தது. தகப்பன் இங்கே பிறந்தார் என்று காட்டு, அல்லது பாட்டனும் பூட்டனும் இங்கே பிறந்தார்கள் என்று காட்டு என்றது சட்டம். லயத்துக் காம்பிராவில் (அறையில்) மருத்துவிச்சி கையில் பிறந்தவர்களிடம் எந்தக் கடதாசி இருக்கும்? 1949இல் வாக்குரிமையும் போயிற்று. 1952 தேர்தலில் அந்த ஏழு இடங்களில் ஒன்றுகூட எங்களுக்கு இல்லை.

இந்த அடியைப் பட்ட மனிதர் என்ன செய்தார் தெரியுமா? பாட்டுகளைச் சேர்த்தார். 1983இல் 'மலைநாட்டு மக்கள் பாடல்கள்' என்று தொகுப்பாக வந்தது. உங்கள் பணத்தில் ஒரே ஒரு புத்தகத்துக்குத்தான் இடம் என்றால் இதைத்தான் வாங்கச் சொல்வேன். தாலாட்டு, ஒப்பாரி, கும்மி, கங்காணியைத் திட்டும் பாட்டு, கொழுந்து மலைப் பாட்டு எல்லாம் இருக்கிறது. அதில் ஒரு பாட்டை உங்கள் பாட்டியும் பாடியிருப்பார்: கோப்பிக் கன்று போட்ட மலையைக் கைகாட்டி, அது என் அண்ணனைத் தோற்ற (இழந்த) மலை என்று ஒரு பெண் சொல்வதாக வரும் நான்கு வரி.

அந்த நான்கு வரியோடு கொஞ்சம் நில்லுங்கள். கோப்பி இந்த மலைகளில் பெருந்தோட்டப் பயிராக வந்தது 1820களில். ஜோர்ஜ் பேர்ட் கம்பளைக்குப் பக்கத்தில் சின்னப்பிட்டியில் 1823இல் தோட்டம் போட்டதிலிருந்துதான் எங்கள் இருநூறு வருஷத்தை எண்ணுகிறோம். 1869இல் இலைத்துரு நோய் கண்டுபிடிக்கப்பட்டது. அடுத்த இருபது வருஷத்துக்குள் கோப்பி ஒழிந்து தேயிலை வந்துவிட்டது. ஆனால் சி.வி. பாட்டுத் தேடிய காலத்திலும் பெண்களின் வாயில் கோப்பிக் கன்று இருந்தது. தான் கண்ணால் காணாத ஒரு செடியை, தன் பாட்டியின் பாட்டி இழந்த ஓர் அண்ணனை, தேயிலைக்கு நடுவில் நின்று பாடியிருக்கிறார்கள். இலைத்துரு எந்த வருஷம் வந்தது என்று துரையின் புத்தகம் சொல்லும். அண்ணன் திரும்பி வரவில்லை என்பதைப் பாட்டு மட்டும்தான் சொல்கிறது. இந்தியாவிலிருந்து வந்து, தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை காட்டு வழியில் நடந்து, காலராவிலும் காய்ச்சலிலும் விழுந்தவர்களுக்கு வேறு கல்லறை இல்லை.

வரலாறு என்று தனியாகக் கேட்டால், தமிழில் முதலில் மு. நித்தியானந்தனின் 'கூலித் தமிழ்'. க்ரியா 2014இல் வெளியிட்டது. துப்பறியும் கதைபோல் வாசிக்கலாம். துரைமார் தமிழ் படிப்பதற்காக வெல்ஸ் என்பவர் 1915இல் எழுதிய ஒரு கைநூல் இருக்கிறது. அதன் பேரே கூலித் தமிழ்தான். வேலை வாங்குவதற்கு எவ்வளவு தமிழ் வேண்டுமோ அவ்வளவு தமிழ். ஒரு மொழியை ஏவல் சொற்களாகச் சுருக்கினால் அதைப் பேசுகிறவர்களை எப்படிப் பார்க்கிறார்கள் என்று புரிந்துவிடுகிறது. அதே நூலில் ஆபிரகாம் ஜோசப்பின் 'கோப்பிக் கிருஷிக் கும்மி' பற்றியும் வருகிறது. கோப்பிப் பயிர்ச்செய்கையை மெச்சிக் கும்மிப் பாட்டாக 1869இல் அச்சிட்டார்கள். இலைத்துரு தெரியவந்த அதே வருஷம்! சி.வி. சேர்த்த கோப்பிப் பாட்டையும் இந்தக் கும்மியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டுங்கள். ஒரே செடி, ஒரே மலை, இரண்டு வாய்.

ஆங்கிலம் வாசிக்கச் சிரமமில்லை என்றால் உங்களுக்காக மூன்று பேரைச் சொல்கிறேன். குமாரி ஜயவர்த்தன 1972இல் எழுதிய இலங்கைத் தொழிலாளர் இயக்க வரலாறு. கோப்பிக் காலத்தைப் பற்றி டொனவன் மோல்ட்ரிச் எழுதியது. மலையகத் தமிழரின் வரலாறாகவே எஸ். நடேசன் 1993இல் எழுதியது. மூன்றும் உங்களுக்கு, பிள்ளைகளுக்கு அல்ல. இலக்கிய வரலாறு வேண்டுமென்றால் க. அருணாசலத்தின் 'மலையகத் தமிழ் இலக்கியம்', தெளிவத்தை ஜோசப்பின் 'மலையகச் சிறுகதை வரலாறு' இரண்டும் போதும்.

தலைவர்களின் வாழ்க்கை வரலாறு பற்றி ஒரு சொல். சௌமியமூர்த்தி தொண்டமானின் சுயசரிதை இருக்கிறது, அவரைப் பற்றி மற்றவர்கள் எழுதியதும் இருக்கிறது. வாங்குங்கள். அரை நூற்றாண்டு மலையக அரசியல் அவரைச் சுற்றித்தான் நடந்தது. ஆனால் சுயசரிதை என்பது தன் பக்கத்துக் கதை. அதே 1947 தேர்தலில் வென்ற சி.வி. எழுதியதையும் பக்கத்தில் வையுங்கள். இரண்டு பேரின் கண்ணாலும் அந்தக் காலத்தைப் பார்க்கும்போதுதான் பிள்ளைக்குத் தானாக யோசிக்க வரும். தலைவராகாத ஆட்களின் பேரையும் சொல்லுங்கள். முல்லோயாத் தோட்டத்துக் கோவிந்தன் 1940 ஜனவரியில் வேலைநிறுத்தத்தின்போது பொலிஸ் சூட்டில் செத்தவர். மடுல்கலைப் பக்கம் சின்னத்துரையாக வேலை பழக வந்த அவுஸ்திரேலியப் பையன் பிரேஸ்கேர்டல், 1937இல் நாவலப்பிட்டிக் கூட்டத்தில் தொழிலாளர் பக்கம் நின்று பேசினார். ஆளுநர் நாடு கடத்த உத்தரவு போட்டார், உயர் நீதிமன்றம் அதைச் செல்லாது என்றது. இந்த இரண்டு கதைக்கும் வகுப்பில் யாரும் கொட்டாவி விட்டதில்லை.

சரி, கலைக்கு வருவோம். கடைக்காரர் ரவிவர்மாவை எடுத்துத் தந்ததில் பிழையில்லை. ஆனால் கலைப் புத்தகம் என்றால் வழவழப்புத் தாளில் வண்ணப்படம் என்று பிள்ளைகள் நினைத்துவிடக்கூடாது. காமன் கூத்து மாசி மாதம் உங்கள் தோட்டத்திலேயே நடக்கிறதே. அமாவாசை கழிந்து மூன்றாம் பிறையில் கம்பம் ஊன்றி, பௌர்ணமி வரை ஆடி, காமனை எரிப்பதோடு முடிகிறது. ரதி, மதன், தூதன், வீரபத்திரன், எமன் என்று ஒவ்வொருவராகச் சபைக்கு வரும்போது தப்பு மேளம் அடிக்கும் முறை மாறும். கண்ணை மூடிக்கொண்டு கேட்டாலே யார் வருகிறார்கள் என்று எங்கள் பெரியவர்களுக்குத் தெரியும். அருச்சுனன் தபசு, பொன்னர் சங்கர் கூத்துகளும் அப்படித்தான். இவற்றைப் பற்றி மாத்தளை வடிவேலனின் 'மலையகப் பாரம்பரியக் கலைகள்' இருக்கிறது. அதைக் கையில் வைத்துக்கொண்டு ஒரு மாசி முழுக்கப் பிள்ளைகளோடு கூத்துப் பார்க்கப் போங்கள்.

நான் ஒரு தடவை கூத்து வாத்தியார் ஒருவரின் பாட்டுக் கொப்பியை (நோட்டுப் புத்தகத்தை) பார்த்தேன். சாதாரண சீஆர் கொப்பிதான். தகப்பன் கையால் எழுதியது. பீலிக்கரையில் ஒழுகிய கூரைக்குக் கீழே இருந்ததால் நீல மை பக்கத்துக்குப் பக்கம் ஊறிப் பரவியிருந்தது. ரதி புலம்பும் இடத்தில் ஓரத்தில் பென்சிலால் சின்னச் சின்னக் கோடுகள். என்ன என்று கேட்டேன். "அங்கே மூச்சு விடணும் சேர், இல்லாட்டி கடைசி அடி எடுபடாது" என்றார். ஒரு கலையின் இலக்கணம் முழுக்க அந்தப் பென்சில் கோட்டில் இருந்தது. அப்படியொரு கொப்பி உங்கள் தோட்டத்திலும் யாராவது வீட்டுப் பெட்டிக்குள் இருக்கும். கேட்டுப் பாருங்கள், போனில் படம் எடுத்துக்கொண்டு பத்திரமாகத் திருப்பிக் கொடுங்கள்.

மலையகத்தைப் பற்றிய பெரிய கலைநூல் என்றால் ஆனந்த குமாரசுவாமியின் 'மத்தியகாலச் சிங்களக் கலை'. 1908இல் ஆங்கிலத்தில் வந்தது. தமிழ்த் தகப்பனுக்கும் ஆங்கிலேயத் தாய்க்கும் 1877இல் கொழும்பில் பிறந்தவர். 1903 முதல் 1906 வரை கனிப்பொருள் ஆய்வுப் பணிப்பாளர். கல்லைத் தேடிக் கிராமம் கிராமமாக நடந்தவர், அங்கே தச்சனையும் குயவனையும் தட்டானையும் பாய் பின்னுகிறவளையும் கண்டு நின்றுவிட்டார். கண்டி இராச்சியத்தின் கைவினை அவர்கள் கையோடு அழியப்போகிறது என்று தெரிந்து, எப்படிச் செய்கிறார்கள் என்பதையெல்லாம் எழுதினார். புகைப்படங்களை அவர் மனைவி எதெல் எடுத்தார். வில்லியம் மொரிஸின் அச்சுப்பொறியிலேயே 425 பிரதிகள் அச்சிட்டார். மீள்பதிப்பு விலை கூடத்தான். வாங்க வேண்டாம், பேராதனைப் பல்கலைக்கழக நூலகத்தில் அனுமதி கேட்டு ஒரு நாள் உட்கார்ந்து பாருங்கள். புத்தர் சிலைக்குக் கண் திறக்கும் சடங்கைப் பற்றி அவர் எழுதிய இடத்தை நான் மூன்று தடவை வாசித்தேன். கைவேலை செய்கிறவனை இவ்வளவு மரியாதையோடு நிமிர்ந்து பார்த்து எழுதிய இன்னொரு புத்தகம் எனக்குத் தெரியாது.

பேரில் சிங்களக் கலை என்று இருப்பதால் இது நமக்கில்லை என்று பிள்ளைகள் நினைப்பார்கள். அவர்களைக் கடலாதெனிய விகாரைக்குக் கூட்டிப் போங்கள். பேராதனைக்கு அடுத்த பிலிமத்தலாவைப் பக்கம். 1344இல் கட்டிய கற்கோயில். கட்டிய சிற்பாசாரியின் பேர் கணேஸ்வராச்சாரி என்று கல்வெட்டே சொல்கிறது. தென்னிந்தியக் கட்டடக்கலை. உள்ளே புத்தர், தூண்களைப் பார்த்தால் நம் ஊர்க் கோயில் மண்டபம். கிட்டவே லங்காதிலக விகாரையில் சிங்களக் கல்வெட்டோடு தமிழ்க் கல்வெட்டும் இருக்கிறது. எம்பெக்கே தேவாலயம் கதிர்காமக் கடவுளுக்கு உரியது, அதன் மரத்தூண்களில் மல்லர், அன்னம், தாய்ப்பால் கொடுக்கும் பெண் என்று செதுக்கியிருக்கிறார்கள். மூன்றையும் ஒரே நாளில் பார்த்துவிடலாம். துரைமார் வருவதற்கு நானூற்றுச் சொச்சம் வருஷம் முன்பே இந்த மலையில் தமிழன் உளி பட்டிருக்கிறது, அதையும் சிங்கள அரசரும் பிக்குவும் கூப்பிட்டுத்தான் செய்வித்திருக்கிறார்கள் என்பதை எந்தப் பாடமும் இவ்வளவு நன்றாகச் சொல்லாது.

அப்புறம் பொகவந்தலாவை. அங்கே புனித மேரி ஆலயத்தின் கல்லறைத் தோட்டத்தில் ஜூலியா மார்கரெட் கேமரன் அடங்கியிருக்கிறார். உலகப் புகைப்படக் கலை வரலாறு எதை எடுத்தாலும் அவர் பேர் இருக்கும். நாற்பத்தெட்டு வயதில் முதன்முதலாகக் கமராவைத் தொட்டவர். டார்வின், டென்னிசன், கார்லைல், ஹெர்ஷல் என்று அந்தக் காலத்துப் பெரிய முகங்களையெல்லாம் கிட்டே வந்து எடுத்தவர். அவர் கணவர் சார்ல்ஸ் ஹே கேமரன், கோல்புறூக்-கேமரன் ஆணைக்குழு என்று பாடப்புத்தகத்தில் வரும் அதே கேமரன். அரசனுக்குக் கட்டாயமாக வேலை செய்யும் இராசகாரிய முறையை ஒழிக்கப் பரிந்துரைத்த ஆணைக்குழு அது. கட்டாய வேலை கூடாது என்ற ஆணைக்குழுவில் இருந்தவர் பிறகு இங்கே கோப்பித் தோட்டங்கள் வாங்கினார். அங்கே வேலை செய்தவர்கள் எங்கள் ஆட்கள். 1875இல் இருவரும் இங்கிலாந்தை விட்டு வந்தார்கள். 1879 ஜனவரியில் திக்கோயாப் பக்கத்துத் தோட்ட பங்களாவில் ஜூலியா இறந்தார். அடுத்த வருஷம் கணவரும்.

இலங்கையில் அவர் எடுத்தவற்றில் மிஞ்சியிருப்பது முப்பது படத்துக்கும் குறைவு. அவற்றில் தோட்டத்து ஆட்களும் கிராமத்து ஆட்களும் இருக்கிறார்கள். இணையத்தில் பெரிய அருங்காட்சியகங்களின் பக்கங்களில் பார்க்கலாம். ஒரு படத்தில் ஒரு பெண். மேல் துணியைத் தோளில் இழுத்துவிட்டு, கமராவைப் பார்க்காமல் பக்கவாட்டில் பார்க்கிறாள். அந்தக் காலத்தில் படம் விழ சில விநாடிகளாவது அசையாமல் இருக்க வேண்டும். அசையாமல் இருந்திருக்கிறாள். டென்னிசனுக்குக் கொடுத்த அதே வெளிச்சத்தை, அதே கவனத்தை கேமரன் அவளுக்கும் கொடுத்திருக்கிறார். ஆனால் டென்னிசன் படத்தின் கீழ் டென்னிசன் என்று இருக்கிறது, இவளுடைய படத்தின் கீழ் அவள் பேர் இல்லை. 1926இல் கேமரனின் படங்களைத் தொகுத்து, அவருடைய உறவுக்காரியான எழுத்தாளர் வேர்ஜினியா வூல்ஃபும் கலை விமர்சகர் ரொஜர் ஃபிரையும் முன்னுரை எழுதி ஒரு நூல் வந்தது. புகழ்பெற்ற ஆண்களும் அழகிய பெண்களும் என்று அதன் தலைப்பில் இருக்கிறது. இந்தப் பெண்ணும் அழகிதான். அவள் கண்ணில் இருக்கிற அந்தத் தளராத பார்வையை என் அம்மாவிடம் பார்த்திருக்கிறேன்.

புத்தகம் வாங்கும் வழி சுருக்கமாக: நான் சொன்னவற்றில் பல இப்போது அச்சில் இல்லை. நூலகம் நிறுவனத்தின் இணைய நூலகத்தில் தேடுங்கள், 2005இலிருந்து ஈழத்துத் தமிழ் நூல்களை மின்வடிவாக்கி இலவசமாக வைத்திருக்கிறார்கள். மலையக நூல்களும் சஞ்சிகைகளும் நிறைய உண்டு. அச்சில் கிடைப்பதைக் கொழும்பிலும் கண்டியிலும் புத்தகக் கடைகளில் சொல்லி வைத்து எடுக்கலாம். மிஞ்சும் பணத்தில் கம்பளைப் பக்கம் பழைய லயத்தில் இருக்கிற தேயிலைத் தொழிலாளர் அருங்காட்சியகத்துக்கு ஒரு பஸ் பிடியுங்கள். அங்கே அரிவாள், கவ்வாத்துக் கத்தி, அம்மி, பழைய கடதாசிகள் எல்லாம் இருக்கின்றன.

ஆனால் இதற்கெல்லாம் முன் உங்கள் அதிபரின் அலுவலக அலுமாரியைத் திறந்து பாருங்கள். இதை நான் அழுத்திச் சொல்ல ஒரு காரணம் உண்டு. நான் முன்பு படிப்பித்த ஒரு பாடசாலையில் இடம் போதவில்லை என்று பழைய சேர்விடாப்புகளையும் (பிள்ளைகளைச் சேர்த்த பதிவேடுகள்) சம்பவத் திரட்டுப் புத்தகங்களையும் பின்னால் குவித்து எரித்தார்கள். நான் போய்ச் சேர்ந்தபோது நெருப்பு பாதி தின்றுவிட்டது. ஒரு சேர்விடாப்பு மட்டும் ஓரம் கருகிக் கையில் வந்தது. இன்றும் என்னிடம் இருக்கிறது.

நீள நீளமான பக்கங்கள். பிள்ளையின் பேர், தகப்பன் பேர், எந்தத் தோட்டம், எந்த டிவிஷன், சேர்ந்த திகதி, விலகிய திகதி, கடைசிக் கட்டத்தில் விலகிய காரணம். 1964இல் இலங்கையும் இந்தியாவும் ஒப்பந்தம் போட்டபோது எங்களை 975,000 பேர் என்று எண்ணி, 525,000 பேர் அங்கே, 300,000 பேர் இங்கே என்று பிரித்தார்கள். மிச்சம் 150,000 பேரைப் பத்து வருஷம் கழித்துச் சரிபாதியாகப் பிரித்தார்கள். அந்த எண்கள் எல்லா வரலாற்று நூலிலும் இருக்கின்றன. என்னிடம் இருக்கிற இடாப்பில் எழுபதுகளின் பக்கத்தைத் திருப்பினால், அந்தக் கடைசிக் கட்டத்தில் ஒரு தலைமையாசிரியர் அழகான உருண்டைக் கையெழுத்தில் எழுதியிருக்கிறார்: இந்தியா. அதற்குக் கீழே இந்தியா. அதற்குக் கீழே ஒரே வீட்டுப் பிள்ளைகள் மூன்று பேர், மூன்றுக்கும் சேர்த்து ஒரு அடைப்பு, இந்தியா. இடது பக்கம் பார்த்தால் ஒவ்வொன்றுக்கும் பேர் இருக்கிறது.

உங்கள் பாடசாலை இடாப்பு இருந்தால் கரையான் ஏறாத இடத்தில், நிலத்தில் படாமல் வையுங்கள். சுற்றுவதற்கு பிளாஸ்டிக் பை வேண்டாம், ஈரம் உள்ளேயே நிற்கும், பழைய வெள்ளைத் துணி போதும். அதையும் சி.வி.யின் பாட்டுப் புத்தகத்துக்குப் பக்கத்தில், அதே தட்டில் வையுங்கள் டீச்சர்.